ஆறுமுகம் வீட்டுப் பிள்ளைகளின் மலாய்க் காதல்

முகமெல்லாம் சாயம், வாயில் நெருப்பு, மேடையில் வெடி. எழுபதுகளில் அமெரிக்காவைக் கலக்கிய ராக் குழு 'கிஸ்'. 1976இல் அவர்கள் வெளியிட்ட சிறு இசைத்தட்டு ஒன்றின் முன்பக்கம் வழக்கமான அதிரடிப் பாட்டு. பின்பக்கம், டிரம்மர் பீட்டர் கிரிஸ் பாடிய 'பெத்'. பியானோவும் வயலின்களும் தாங்கிப் பிடிக்கும் மெல்லிய காதல் பாட்டு. வானொலிக்காரர்கள் தட்டைத் திருப்பிப் போட்டார்கள். நாட்டுப் பட்டியலில் ஏழாம் இடம்வரை ஏறி, அமெரிக்காவில் அந்தக் குழுவின் ஆகப் பெரிய வெற்றிப் பாட்டாகிவிட்டது அது.

மலேசியாவிலும் இதே கதைதான். 1981இல் ஜொகூர் பாருவில் தொடங்கிய 'செர்ச்' குழுவின் பெருமை கித்தார் அலறல். மக்கள் மனத்தில் நின்றதோ 1989இல் வந்த 'இசபெல்லா' என்ற மெதுவான பாட்டு. இந்தோனேசியாவிலும் அது சக்கைப்போடு போட்டது.

ஆனால் செர்ச்சுக்கு முன்பே, மலாய்க் காதல் பாட்டால் நாட்டை உருகவைத்த இரண்டு குரல்கள் பினாங்கிலிருந்து கிளம்பின. இரண்டும் தமிழர் வீட்டுக் குரல்கள்.

டேவிட் ஆறுமுகம், அவர் தம்பி லோகநாதன் ஆறுமுகம். குழுவின் பெயர் அலிகேட்ஸ். அறுபதுகளின் இறுதியில் தொடங்கியபோது வைத்த பெயர் வேறு: 'ஃபிரஸ்ட்ரேட்டட்'. விரக்தியில் இருப்பவர்கள் பாடும் பாட்டுக்கு யார் காசு கொடுப்பார்கள் என்று யோசித்தார்களோ என்னவோ, பிறகு மாற்றிக்கொண்டார்கள். தலையில் குடைபோல் விரிந்த ஆப்ரோ முடி மட்டும் மாறவே இல்லை.

அன்றைய பினாங்கு எப்படி இருந்தது? தீவுக்கு எதிரே பெருநிலத்தில், பிறை நகருக்குப் பக்கத்திலேயே பட்டர்வொர்த் விமானப்படைத் தளம். 1988வரை அது ஆஸ்திரேலியர் வசம். வியட்நாம் போரில் இருந்த அமெரிக்கச் சிப்பாய்கள் ஓய்வெடுக்க வரும் ஊர்களில் பினாங்கும் ஒன்று. வந்தவர்கள் கையில் சம்பளக் காசு. காதுக்குத் தேவை தங்கள் ஊர்ப் பாட்டு. ஹோட்டல்களிலும் கிளப்புகளிலும் மேடையேறும் உள்ளூர்ப் பையன்கள் ஆங்கிலப் பாட்டை அச்சு அசலாகப் பாடியாக வேண்டும். தீவையும் பெருநிலத்தையும் இணைக்கும் பாலம் 1985இல்தான் வந்தது. அதுவரை பெருநிலத்துப் பையன்களுக்கு ஃபெர்ரிதான் கதி.

அந்தக் கால மேடைகளில் வளர்ந்த அலிகேட்ஸ் ஹாங்காங் வரை போய் வாசித்துவிட்டு வந்தது. அசல் திருப்பம் அதற்குப் பின்னால்தான். எழுபதுகளின் இறுதியில் மலாய்ப் பாட்டுக்குத் திரும்பினார்கள். எம். நசீர் போன்ற மலாய் இசையமைப்பாளர்கள் மெட்டுக் கொடுக்க, 'ஹிங்கா அகிர் நந்தி', 'செகுந்தும் மாவார் மேரா செபுவா புய்சி' என்று ஒன்றன்பின் ஒன்றாக வீட்டுக்கு வீடு புகுந்தன. இது ராக் அல்ல, பாப் என்பார் உண்டு. சரிதான். ஆனால் சரணத்தைத் தாழ்ந்த குரலில் பேசுவதுபோல் தொடங்கி, பல்லவியில் எல்லாரும் சேர்ந்து மேலே போகும் அந்தக் கட்டுமானம் அமெரிக்கக் காதல் பாட்டுக்காரர்களிடம் கற்றதுதான். லோகநாதனின் குரல் அதில் கெஞ்சும், ஆனால் அழாது. மெதுவான பாட்டைக் கெடுப்பது பெரும்பாலும் அழுகைதான். லோகநாதனுக்கு அந்த எல்லை தெரிந்திருந்தது.

ஆப்ரோ முடித் தமிழர் இருவர் மலாயில் பாட, மலாய்க்காரரும் சீனரும் சேர்ந்து முணுமுணுத்தார்கள். தமிழர்கள் மட்டும் இவர்களை நம் இசைக் கணக்கில் சேர்க்கக் கொஞ்சம் தயங்குகிறோம். பாடியது தமிழ் அல்லவே என்பது காரணம். அந்தக் காரணம் பலமானதாகத் தெரியவில்லை. பிறை, பட்டர்வொர்த் பக்கம் கல்யாண விருந்துகளில் இளையராஜா பாட்டுகள் ஓய்ந்ததும் மைக்கைப் பிடிக்கும் மாமா ஒருவர் பாடுவது பல நேரம் அலிகேட்ஸ்தான். மலாய் வரிகளைத் தாள் பார்க்காமல் பாடுவார்.

நுரையீரல் புற்றுநோயால் 2007 ஜூனில் லோகநாதன் காலமானார். டத்தோ பட்டம் பெற்ற டேவிட் நிறுத்திக்கொள்ளவில்லை. தம்பியின் குரலில் ஊர் கேட்டுப் பழகிய பாட்டுகளைத் தானே மேடையில் பாடத் தொடங்கினார்.