மெழுகுவத்தியும் அதன் சுடரும்

மின்சார விளக்கு உள்ள வீடுகளிலும் மெழுகுவத்தி இல்லாமற் போவதில்லை. விளக்கு அணைந்ததும் அதை ஏற்றிக் கைக்கு எட்டிய இடத்தில் ஒட்டவைத்துவிட்டு, நம் காரியத்தைப் பார்க்கப் போய்விடுகிறோம். இவ்வெளிய பொருளைக் கையாளுவதற்கும் முறை உண்டு என்பதை நினைப்பதில்லை.

மெழுகுவத்தியில் எரிவது எது? திரி என்பர் பலர். திரி வழிகாட்டி மாத்திரமே. எரிவது மெழுகின் ஆவி. உஷ்ணத்தால் உருகிய மெழுகு திரியின் வழியே ஏறி, ஆவியாகிச் சுடர்விடுகிறது. மைக்கேல் பாரடே என்ற விஞ்ஞானி, லண்டன் ராயல் இன்ஸ்டிடியூஷனில் 1860-61 குளிர்காலத்தில் சிறுவர்களுக்கு ஆற்றிய ஆறு சொற்பொழிவுகளில் இதை விளக்கினார். வத்தியை அணைத்தவுடன் எழும் வெண்புகையில் நெருப்பைக் காட்டினால், அது புகை வழியே ஓடித் திரியைப் பற்றிக்கொள்ளும்.

இவ்வுண்மை தெரிந்தால் விதிகள் தாமே விளங்கும். அகல் விளக்கின் திரியைத் தூண்டுகிறோம். மெழுகுவத்திக்கோ நீண்ட திரி ஆகாது. மிகுதியாக எழும் ஆவி முற்றும் எரியாமல் கரியாகிவிடும். ஆதலால் ஏற்றுமுன் கால் அங்குலம் விட்டுத் திரியைக் கத்தரிக்க வேண்டும். காற்று அலைக்கும் இடமும் ஆகாது. கிண்ணத்தில் வார்த்த வத்தியை முதல் முறை ஏற்றும்போது, மெழுகு விளிம்புவரை உருகும்மட்டும் எரியவிடுதல் நலம். இன்றேல் நடுவே குழிந்து, சுற்றிலுமுள்ள மெழுகு வீணாகும்.

வீட்டிலேயே வத்தி வார்ப்போர், மெழுகுப் பாத்திரத்தை நேரே அடுப்பில் வையாமல், கொதிநீருள்ள பாத்திரத்துக்குள் வைத்து உருக்க வேண்டும். நீரின் உஷ்ணம் 100 டிகிரி சென்டிகிரேடைத் தாண்டாதாகையால், மெழுகு தீப்பற்றும் அளவுக்குக் காயாது. வாசனைத் தைலம் சேர்த்த பாரபின் வத்தியைச் சில நாட்களும், சோயா மெழுகு வத்தியைச் சுமார் இரண்டு வாரங்களும் நிழலில் மூடிவைத்து, பிறகு ஏற்றினால் மணம் நன்கு கமழும்.

எல்லாவற்றினும் முக்கியமானது ஒன்று. பாத்திரத்து மெழுகு தீப்பற்றினால் தண்ணீர் ஊற்றலாகாது. கனமான நீர் அடியில் இறங்கி, நொடியில் நீராவியாகப் பொங்கி, எரியும் மெழுகை நாற்புறமும் வாரி இறைக்கும். அடுப்பை அணைத்து, உலோகத் தட்டினால் பாத்திரத்தை மூடிவிட வேண்டும். காற்றின்றித் தீ அடங்கும். வத்தியைப் பித்தளைத் தட்டில் நிறுத்துங்கள். கொசுவலையும் திரைச்சீலையும் குழந்தைகளும் எட்டவே இருக்கட்டும். விளக்கை வாயால் ஊதி அணைக்கலாகாது என்று நம் பாட்டிமார் சொல்வது மெழுகுவத்திக்கும் பொருந்தும். ஊதினால் சுடுமெழுகு தெறிக்கும். மூடியினால் மூடி அணைப்பதே உத்தமம். அணைந்ததைக் கண்ணால் பார்த்த பிறகே படுக்கைக்குச் செல்லுங்கள்.