குளிரில் பிளந்த கப்பல்கள்: போர்க்கால ‘லிபர்ட்டி’க்கு என்ன ஆச்சு?

1942 நவம்பர். அமெரிக்காவின் கலிபோர்னியாவில் உள்ள ரிச்மண்ட் கப்பல் கட்டும் தளம். ‘ராபர்ட் ஈ. பியரி’ என்ற சரக்குக் கப்பலின் வேலை தொடங்கி 4 நாள், பதினைந்தரை மணி நேரம்தான் ஆகியிருந்தது. அதற்குள் கப்பல் தண்ணீரில் இறங்கிவிட்டது! நீளம் 441 அடி. வீட்டுக்குக் கான்கிரீட் தளம் போட்டால் சென்ட்ரிங் பிரிக்கவே அதைவிட அதிக நாள் ஆகும்.

ஏன் இவ்வளவு அவசரம்?

இரண்டாம் உலகப் போரில், பிரிட்டனுக்கு உணவும் ஆயுதமும் கொண்டுபோன கப்பல்களை ஜெர்மனியின் நீர்மூழ்கிகள் வரிசையாக மூழ்கடித்தன. எதிரி மூழ்கடிப்பதைவிட வேகமாகப் புதுக் கப்பல் கட்ட வேண்டும், அதுதான் திட்டம். பிரிட்டிஷ் வடிவமைப்பு ஒன்றை எளிமையாக்கி, பழைய மாடல் நீராவி எஞ்சினையே பொருத்தினார்கள். வேகம் மணிக்குச் சுமார் 20 கி.மீ.தான்.

முதல் லிபர்ட்டி கப்பலான ‘பேட்ரிக் ஹென்றி’ 1941 செப்டம்பர் 27-ல் பால்டிமோரில் கடலில் இறங்கியது. போர் முடிவதற்குள் கட்டப்பட்டவை சுமார் 2,700. பியரி ஒரு சாதனை முயற்சி. மற்றவற்றுக்கு சராசரியாக ஆறு வாரம் ஆனது.

எப்படி முடிந்தது?

கப்பலைப் பகுதி பகுதியாகத் தனித்தனி இடங்களில் செய்து, கிரேனில் தூக்கி வந்து இணைத்தார்கள். தகடுகளை ரிவெட் அடிப்பதற்குப் பதிலாகப் பெரும்பாலும் வெல்டிங். புதியவர்களுக்கும் சீக்கிரம் கற்றுத் தரலாம். அதற்கு முன் கப்பல் தளத்தையே பார்க்காத பெண்கள் பலர் வெல்டர்கள் ஆனார்கள்.

விரிசல் எங்கிருந்து வந்தது?

1943 நவம்பரில் அலாஸ்கா பக்கம் ‘ஜான் பி. கெய்ன்ஸ்’ கடலில் இரண்டாக உடைந்தது. 10 பேர் பலி. வேறு பல கப்பல்களிலும் விரிசல்கள். உடனே சந்தேகம் யார் மேல்? புதுசா வேலைக்கு வந்த வெல்டர்கள் மேல்தான்.

சில இடங்களில் வெல்டிங் குறைகள் இருந்தது உண்மை. ஆனால் கேம்பிரிட்ஜ் விஞ்ஞானி கான்ஸ்டன்ஸ் டிப்பர் முக்கியக் காரணத்தை எஃகிலேயே கண்டுபிடித்தார். சாதாரண வெப்பத்தில் வளைந்து கொடுக்கும் அந்த எஃகு, கடுங்குளிரில் கண்ணாடி மாதிரி பட்டென உடைந்தது.

வடிவமைப்பும் சேர்ந்துகொண்டது. ஷாம்பு பாக்கெட்டின் ஓரத்தில் சின்னதாக ஒரு வெட்டு இருக்கும் இல்லையா? கிழிசல் அங்கேதான் தொடங்கும். கப்பலில் அந்த வேலையைச் செய்தவை, மேல்தளத்தில் சரக்கு இறக்கும் திறப்புகளின் சதுர மூலைகள். ரிவெட் அடித்த கப்பலில் விரிசல் பெரும்பாலும் ஒரு தகட்டின் விளிம்போடு நின்றுவிடும். வெல்டிங் செய்த கப்பலோ ஒரே தகடு போல; விரிசல் நிற்காமல் ஓடும்.

பிறகு என்ன செய்தார்கள்?

மூலைகளை வளைவாக்கினார்கள். விரிசலைத் தடுக்க ரிவெட் பட்டைகள் பொருத்தினார்கள். பெரும்பாலான லிபர்ட்டி கப்பல்கள் போரைத் தாண்டி வந்தன. பலவற்றைக் கிரேக்க முதலாளிகள் வாங்கி ஓட்டினார்கள். சான் பிரான்சிஸ்கோவின் ‘ஜெரமையா ஓ’பிரையன்’, பால்டிமோரின் ‘ஜான் டபிள்யூ. பிரவுன்’ இரண்டும் இப்போது அருங்காட்சியகங்கள்.

இன்று பனிக்கடலுக்குப் போகும் கப்பலுக்கு எஃகை அப்படியே எடுத்துக்கொள்வதில்லை. மாதிரித் துண்டைக் குளிர வைத்து, ஊசல் சுத்தியலால் அடித்துப் பார்க்கிறார்கள். தாங்கினால்தான் அந்தத் தகடு கப்பல் தளத்துக்குப் போகும்.