வாபஸ் வாங்குமுன் கெடுவைப் பாருங்கள்

வரி விதிப்பு ஆணை கைக்கு வந்ததும் நம் வியாபாரிகளில் சிலர் நேராக உயர்நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டுவிடுகிறார்கள். காரணம் தெரிந்ததே. ஜி.எஸ்.டி. சட்டம் 107-ஆவது பிரிவின்படி மேல்முறையீடு செய்தால், ஒப்புக்கொண்ட தொகை முழுவதையும், தகராறில் உள்ள வரியில் 10 சதவீதத்தையும் முன்பணமாகக் கட்டவேண்டும். வரித் தகராறு 4 லட்சம் என்றால் 40 ஆயிரம் ரூபாய். சில்லறைக் கடைக்கு இது லேசான தொகை அல்ல.

மனு விசாரணைக்கு வரும்போது, "மேல்முறையீட்டு வழி இருக்க இங்கே ஏன் வந்தீர்கள்?" என்று நீதிமன்றம் கேட்கலாம். வாபஸ் வாங்கிக்கொள்கிறோம் என்று வழக்கறிஞர் சொல்வார். ஐந்து நிமிடத்தில் காரியம் முடிந்துவிடும். அந்த உத்தரவில் என்ன எழுதியிருக்கிறது என்று பார்ப்பவர் சிலரே.

"வாபஸ் பெறப்பட்டதால் தள்ளுபடி" என்று மட்டும் இருந்தால், அதே விஷயத்துக்கு மறுபடி ரிட் மனு போட முடியாது. மத்தியப் பிரதேசத்தைச் சேர்ந்த சர்குஜா டிரான்ஸ்போர்ட் சர்வீஸ் என்ற நிறுவனத்தின் வழக்கில் 1986-இல் உச்சநீதிமன்றம் இவ்வாறு தீர்ப்பளித்தது. வேறு பரிகாரத்தை அத்தீர்ப்பு அடைக்கவில்லை. எனினும், இன்ன அதிகாரியிடம் மேல்முறையீடு செய்ய அனுமதி அளிக்கப்படுகிறது என்ற வாசகத்தைக் கேட்டு வாங்குவதே புத்திசாலித்தனம்.

அனுமதி கிடைத்தாலும் கெடு தனி விஷயம். மேல்முறையீட்டுக்கு 3 மாதம். தக்க காரணம் காட்டினால் இன்னும் 1 மாதம். ஆந்திர வாட் வரி வழக்கு ஒன்றில், சட்டம் தந்த உச்சகட்டக் கெடு தாண்டியபின் ரிட் மனு மூலம் அதைச் சுற்றிவர முடியாது என்று 2020-இல் உச்சநீதிமன்றம் கூறியது. தவறான மன்றத்தில் நல்லெண்ணத்துடனும் கவனத்துடனும் வழக்கு நடத்திய காலத்தைக் கழித்துக்கொள்ளலாம் என்று 2015-இல் எம்.பி. ஸ்டீல் வழக்கில் சொல்லப்பட்டது உண்மைதான். ஆனால் அதை நம் பக்கம் நிரூபிக்கவேண்டும். வாய்தாவுக்கு வாய்தா வாங்கியவருக்கு அது கைகொடுக்காது. ஆகவே வாபஸ் உத்தரவிலேயே, ரிட் நிலுவையில் இருந்த நாட்களைக் கழித்துக் கணக்கிடும்படி கேட்கச் சொல்லுங்கள்.

பாக்கி வசூலுக்குப் போடும் சிவில் வழக்கில் நிலைமை இன்னும் கடுமை. சரக்கு விற்ற பாக்கிக்குக் காலவரம்பு பொதுவாக 3 ஆண்டு. உரிமையியல் நடைமுறைச் சட்டம் 23-ஆவது கட்டளைப்படி அனுமதியின்றி வாபஸ் வாங்கினால் அதே பாக்கிக்குப் புது வழக்கு கிடையாது. அனுமதியோடு வாங்கினாலும், முதல் வழக்கே போடாதது போலத்தான் காலவரம்பு ஓடும். அதிகார வரம்பு இல்லாத கோர்ட் என்பது போன்ற குறைக்காக அனுமதி தரப்பட்டிருந்தால் மட்டும் விலக்கு உண்டு.

ஜி.எஸ்.டி. மேல்முறையீட்டையே வாபஸ் வாங்கவும் 2022 டிசம்பரில் 109சி விதி வந்தது. மேல்முறையீட்டில் நோட்டீசோ உத்தரவோ பிறப்பதற்கு முன் ஏ.பி.எல்.-01டபிள்யூ படிவத்தில் மனுச் செய்யவேண்டும். திருத்திப் புதிதாகப் போடுவதானால், 107-ஆவது பிரிவு முதலில் கொடுத்த அதே கெடுவுக்குள் போட்டாக வேண்டும்.