சைக்கிளில் பிள்ளைக்கும் ஓர் இருக்கை

1995 ஒக்டோபர் இறுதியில் வலிகாமத்து மக்கள் இடம்பெயர்ந்தபோது, கையில் எடுக்க முடிந்தவற்றைப் பலர் சைக்கிளிலேயே கட்டி வந்தனர். வீடும் வயலும் பின்னே நின்றுவிட்டன. சைக்கிள் கூட வந்தது. அன்றுதொட்டு நெல்மூட்டை, விறகு, தண்ணீர்க் கான், பாடசாலைப் பிள்ளை, நோயாளி என எல்லாவற்றையும் நாம் அதிலேயே ஏற்றி வந்துள்ளோம். ஆனால் சாதாரண சைக்கிள் ஒருவர் ஏறி ஓட்டுவதற்கென அமைக்கப்பட்டது. கரியர் பொருள் வைக்கும் இடமேயன்றி, ஆள் இருக்கும் ஆசனமன்று.

இந்த வேறுபாட்டைப் பிறநாட்டுச் சட்டங்கள் தெளிவாகக் கூறுகின்றன. பிரித்தானியாவின் 1988ஆம் ஆண்டு வீதிப் போக்குவரத்துச் சட்டத்தின்படி, இருவருக்கென அமைக்கப்படாத அல்லது மாற்றியமைக்கப்படாத சைக்கிளில் இருவர் சென்றால் ஓட்டியவரும் ஏறியவரும் குற்றவாளிகளே. ஜேர்மனியில் ஏழு வயதுக்குட்பட்ட பிள்ளையை ஏற்றுபவருக்குப் 16 வயதாவது ஆகியிருக்க வேண்டும். பிள்ளைக்கெனத் தனி இருக்கை வேண்டும். அத்துடன், கால் சில்லுக் கம்பிக்குள் போகாதபடி மறைப்பும் இருத்தல் வேண்டும்.

சட்டம் ஏன் சில்லுக் கம்பியைப் பற்றிப் பேசுகிறது? கரியரில் கால்களைத் தொங்கவிட்டபடி இருக்கும் பிள்ளை சற்றுத் தூங்கினாலும் பாதம் உட்புறம் சாய்ந்துவிடும். சுழலும் கம்பி அதனை இழுத்துச் சட்டத்தோடு நசுக்கும். குதிக்காலின் தோலும் சதையும் கிழியும். சிலவேளை எலும்பும் முறியும். முதல்நாள் சிறு காயமாகத் தெரிவது, நசிந்த தோல் சில நாட்களில் கறுத்து அழுகுவதால் பெரும் புண்ணாகலாம். நாளாந்தக் கூலியில் வாழும் குடும்பத்துக்கு இது பிள்ளையின் படிப்பையும் பெற்றோரின் உழைப்பையும் ஒருங்கே நிறுத்திவிடும்.

இதைத் தடுக்கப் பெருஞ்செலவு தேவையில்லை. பழைய பிளாஸ்ரிக் கானை வெட்டித் தட்டையாக்கி, பின்சில்லின் இருபுறமும் மட்காட் கம்பியோடும் சட்டத்தோடும் இறுகக் கட்டலாம். அது சில்லில் உரசக் கூடாது. கரியரில் முதுகுச் சாய்வும் கைபிடியும் உள்ள சிறு இருக்கையொன்றைப் பூட்டி, இரு கால்களுக்கும் மிதி வைக்க வேண்டும். தானாக நிமிர்ந்து இருக்க முடியாத குழந்தையைச் சைக்கிளில் ஏற்றவே கூடாது. சேலைத் தலைப்பு, சால்வை, சாரம் என்பவற்றையும் ஒதுக்கிச் செருகிக் கொள்ளுங்கள்.

ஓட்டுபவரின் சீற்றும் கவனிக்க வேண்டியதே. பெடல் கீழே நிற்கும்போது அதில் குதிக்காலை வைத்தால் கால் நேராக நீள வேண்டும். சுமையோ பிள்ளையோ ஏற்றும் நாளில், இரு பாதங்களும் நிலத்தில் ஊன்றத்தக்கதாகச் சற்றுத் தாழ்த்துவது நல்லது.

1968இல் வியன்னாவில் உருவான வீதிப் போக்குவரத்து உடன்படிக்கை, நாடு கடந்து செல்லும் சைக்கிளுக்கு நல்ல பிறேக், மணி, முன்னே வெள்ளை அல்லது மஞ்சள் ஒளி, பின்னே சிவப்பு ஒளி, சிவப்பு ஒளிதெறிப்பான் ஆகியவற்றைக் கேட்கிறது. எமது ஒழுங்கைகளுக்கும் இவை தேவையே. மூட்டை கட்டும்போது ஒளிதெறிப்பான் மறைந்துவிட்டதா எனப் பாருங்கள். மறைந்தால் மட்காட்டின் கீழ்ப்பகுதிக்கு மாற்றுங்கள். மழையில் றிம் நனைந்தால் பிறேக் தாமதமாகவே பிடிக்கும். ஆகவே முன்கூட்டியே வேகத்தைக் குறைக்க வேண்டும்.

எவ்வளவு கவனித்தும் கால் அகப்பட்டுவிட்டால் சில்லை முன்னோக்கி உருட்டாதீர்கள். மெதுவாகப் பின்னோக்கித் திருப்புங்கள். முடியாவிடில் கம்பியை வெட்டுங்கள். காயத்தைச் சுத்தமான நீரால் கழுவி, சுத்தமான துணியால் மூடி, அன்றே வைத்தியசாலைக்குக் கொண்டு செல்லுங்கள். ஏற்புவலித் தடுப்பூசி தேவையா என்றும் கேளுங்கள்.

நாளை பிள்ளையை ஏற்றுமுன் ஒரு கணம் குனிந்து பாருங்கள்: அதன் கால் எங்கே தொங்குகிறது? கம்பிக்கு அருகிலாயின், மறைப்புக் கட்டிய பின்னரே புறப்படுங்கள்.