டிக்கெட் வாங்கியாச்சு... சீட்டுக்கும் தனியா காசா? குற்றாலம் சீசனுக்கு ஃபிளைட்டில் போகிறவர்கள் தெரிந்துகொள்ள வேண்டியது என்ன?

ஜூன் பிறந்து குற்றாலத்தில் சாரல் விழ ஆரம்பித்துவிட்டால், சென்னையிலிருந்து தென்காசி பக்கம் போகிற எல்லா வண்டியிலும் கூட்டம்தான். பொதிகை எக்ஸ்பிரஸில் வெயிட்டிங் லிஸ்ட். ஆம்னி பஸ்ஸில் சனி, ஞாயிறு ரேட் வேற. அப்போதுதான் பலர் ஃபிளைட் பக்கம் திரும்புகிறார்கள். தூத்துக்குடி வாகைகுளம் விமான நிலையத்தில் இறங்கினால், திருநெல்வேலி வழியாகக் குற்றாலம் சுமார் 90 கி.மீ. மதுரை, திருவனந்தபுரம் வழியாகவும் வரலாம்.

டிக்கெட் விலையைப் பார்த்து, "அட, பரவாயில்லையே" என்று புக் செய்ய ஆரம்பிப்போம். அடுத்த பக்கத்தில் விமானத்தின் படம் வரும். ஜன்னல் சீட்டுக்கு ஒரு விலை, முன்வரிசைக்கு ஒரு விலை, கால் நீட்டி உட்கார ஒரு விலை. அப்பா, அம்மா, இரண்டு பிள்ளைகள் சேர்ந்து உட்கார வேண்டுமென்றால் நான்கு முறை காசு. டிக்கெட்டே சீட்டுக்குத்தானே வாங்கினோம், இது எதுக்கு? கட்டாவிட்டால் ஏற்ற மாட்டார்களா? பார்ப்போம்.

டிக்கெட் காசு முழுக்க விமான நிறுவனத்துக்கா போகிறது?

இல்லை. நாம் கட்டும் தொகையில் நிறுவனத்துக்குப் போவது அடிப்படைக் கட்டணமும், எரிபொருள் கட்டணம் போன்ற அதன் சொந்தக் கட்டணங்களும்தான். மற்றதை அது வசூல் செய்து வேறு கைகளுக்குக் கொடுக்கிறது. விமான நிலையப் பயன்பாட்டுக் கட்டணம் விமான நிலையத்தை நடத்துபவருக்குப் போகும். பாதுகாப்புக் கட்டணமாக உள்நாட்டுப் பயணிக்கு 200 ரூபாய் என்று 2021 ஏப்ரலில் நிர்ணயிக்கப்பட்டது. எகானமி வகுப்புக்கு 5 சதவீத ஜிஎஸ்டி.

கைக்கு வரும் பணத்தில்தான் எரிபொருள், விமான வாடகை, பராமரிப்பு, சம்பளம் எல்லாம். இந்தியாவில் விமான எரிபொருள் ஜிஎஸ்டிக்குள் வரவில்லை. மாநில அரசுகள் தனியாக வாட் வரி போடுகின்றன. விமான வாடகையும் உதிரி பாகமும் பெரும்பாலும் டாலர் கணக்கு. ரூபாய் மதிப்பு சரிந்தால் செலவு தானாக ஏறும். ஆனால் டிக்கெட் விலையை இஷ்டத்துக்கு ஏற்ற முடியாது. ஆன்லைனில் எல்லா நிறுவனங்களின் விலையும் வரிசையாக வந்து நிற்கும். 100 ரூபாய் கூடுதல் என்றாலும் பயணி அடுத்ததைத் தொட்டுவிடுவார்.

அதனால் வரிசையில் தெரியும் விலையைக் குறைவாக வைத்துவிட்டு, உள்ளே வந்த பிறகு மற்றதை ஒவ்வொன்றாக விற்கிறார்கள்.

இது எப்படி வேலை செய்கிறது?

குற்றாலத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். மெயின் அருவியில் குளிக்கக் காசு கிடையாது. ஆனால் வண்டி நிறுத்தக் கட்டணம், எண்ணெய் மசாஜுக்குத் தனி, துண்டு வாங்கினால் தனி, குளித்து முடித்ததும் சுடச்சுட பஜ்ஜிக்குத் தனி. எதுவும் கட்டாயம் இல்லை. துண்டு வீட்டிலிருந்தே கொண்டு வந்தவருக்கு அந்தச் செலவு மிச்சம்.

மலிவு விலை விமான நிறுவனங்களின் வழியும் இதுதான். இருக்கும் இடத்திலிருந்து போகும் இடத்துக்குக் கொண்டுபோய் விடுவது மட்டும் அடிப்படை விலை. சாப்பாடு, கூடுதல் லக்கேஜ், பிடித்த சீட், முதலில் ஏறுவது எல்லாம் தனித்தனி சரக்கு.

தமிழ் ரசிகர்களுக்கு 'சூரரைப் போற்று' வழியாகத் தெரிந்த கேப்டன் ஜி.ஆர்.கோபிநாத், 2003-ல் ஏர் டெக்கானைத் தொடங்கியபோது இந்தியாவுக்கு இந்த முறையைக் கொண்டு வந்தார். 2006-ல் பறக்கத் தொடங்கிய இண்டிகோ, அதே மலிவு விலைப் பாதையில் நாட்டின் மிகப் பெரிய விமான நிறுவனமாக வளர்ந்தது.

எதையெல்லாம் தனியாக விற்கலாம் என்பதை விமானப் போக்குவரத்து இயக்குநரகமான டிஜிசிஏ 2015-ல் பட்டியலிட்டது. விருப்பமான இருக்கை, உணவு, லக்கேஜ், ஓய்வறை, விளையாட்டுச் சாமான்கள், இசைக்கருவிகள் போன்றவை அதில் உண்டு. குடிநீருக்கு மட்டும் விலக்கு. கூடவே முக்கியமான ஒரு நிபந்தனையும் போட்டது: பயணி தானாக வேண்டுமென்று தேர்வு செய்தால்தான் கட்டணம் வாங்க வேண்டும். முன்கூட்டியே டிக் அடித்து வைத்துவிட்டு, "வேண்டாம்னா எடுத்துக்கோங்க" என்று சொல்லக் கூடாது.

இதில் எவ்வளவு வருமானம்?

2025 ஜனவரி முதல் மார்ச் வரையான மூன்று மாதத்தில் இண்டிகோவின் டிக்கெட் வருமானம் சுமார் 19,567 கோடி ரூபாய். துணை வருமானம் சுமார் 2,152 கோடி. அந்தக் காலத்தில் பறந்தவர்கள் ஏறத்தாழ 3.19 கோடி பேர். வகுத்துப் பார்த்தால் ஒரு பயணிக்கு 670 ரூபாய்க்குக் கொஞ்சம் மேல். இந்தத் துணை வருமானத்தில் சரக்கு ஏற்றும் காசும் சேர்த்தி என்பதால் முழுவதும் சீட் கட்டணம் என்று நினைக்க வேண்டாம்.

ஆனால் இன்னொரு எண்ணையும் பக்கத்தில் வையுங்கள். அதே மூன்று மாதத்தில் நிறுவனத்தின் லாபம் சுமார் 3,068 கோடி. மொத்த வருமானத்தில் பத்தில் ஒரு பங்கு மாதிரி தெரியும் இந்தத் துணை வருமானம், லாபத்தோடு ஒப்பிட்டால் மூன்றில் இரண்டு பங்குக்கும் மேல். சீட் படத்தை நம் கண் முன்னால் ஏன் திரும்பத் திரும்பக் காட்டுகிறார்கள் என்பது இப்போது புரிந்திருக்கும். விமானம் எப்படியும் பறக்கப்போகிறது. ஜன்னல் சீட்டை ஒருவருக்கு விற்பதால் எரிபொருள் கூடப்போவதில்லை. வருகிற காசில் பெரும்பகுதி அப்படியே மிச்சம்.

வெளிநாடுகளில் இது இன்னும் பெரிய தொழில். ஐரோப்பாவின் ரயன்ஏர், 2024 மார்ச்சில் முடிந்த நிதியாண்டில் ஈட்டிய 1,344 கோடி யூரோவில் 430 கோடி யூரோ இப்படி வந்தது. கிட்டத்தட்ட மூன்றில் ஒரு பங்கு! அமெரிக்காவில் ஐந்து விமான நிறுவனங்கள் 2018 முதல் 2023 வரை சீட் கட்டணமாக மட்டும் 1,240 கோடி டாலர் வசூலித்ததாக அந்நாட்டு செனட் துணைக் குழுவின் அறிக்கை 2024 நவம்பரில் சொன்னது.

பக்கத்து சீட்காரருக்கு ஏன் வேறு ரேட்?

குற்றாலத்து லாட்ஜ்காரரிடம் கேட்டால் ஒரே வரியில் சொல்லிவிடுவார். சனிக்கிழமை ராத்திரி காலியாகக் கிடந்த ரூமை ஞாயிற்றுக்கிழமை விற்க முடியாது. அதனால் சீசன் இல்லாத நாளில் வந்த விலைக்குக் கொடுப்பார். சாரல் அடித்துத் தண்ணீர் கொட்டும் நாளில் அதே ரூமுக்கு விலை பல மடங்கு.

விமானக் கதவு சாத்திய பிறகு காலி சீட்டுக்கும் மதிப்பு பூஜ்ஜியம்தான். அதனால் ஒரே விமானத்தின் சீட்டுகளைப் பல விலைப் படிகளாகப் பிரித்து வைக்கிறார்கள். கீழ்ப் படியில் உள்ளது தீர்ந்ததும் அடுத்த படி திறக்கும். எந்த நாளில், எந்த நேரத்தில் எவ்வளவு வேகமாக விற்கிறது என்று மென்பொருள் கவனித்துக்கொண்டே இருக்கும். 1994-ல் விமானக் கழகச் சட்டம் ரத்தானதிலிருந்து இந்தியாவில் விமானக் கட்டணத்தை நிறுவனங்களே நிர்ணயிக்கின்றன.

தூத்துக்குடி விமானத்தில் என்ன ஸ்பெஷல்?

சென்னை - தூத்துக்குடி பாதையில் பல ஆண்டுகளாக ஓடியவை ஏடிஆர் ரக விமானங்கள். ஓடுபாதை சின்னதாக இருந்ததுதான் காரணம். இண்டிகோவின் ஏடிஆரில் 78 சீட். ஏன் 80 இல்லை? 80-க்கும் குறைவான இருக்கை உள்ள உள்நாட்டு விமானங்களுக்குத் தரையிறங்கும் கட்டணத்தில் விலக்கு உண்டு. இரண்டு மூன்று சீட்டைக் கூட்டினால் அந்தச் சலுகை போய்விடும்.

இன்னொன்று: ஏடிஆரில் ஒரு பக்கம் இரண்டு, மறுபக்கம் இரண்டு என்றுதான் இருக்கை. நடு சீட் என்பதே கிடையாது. எது கிடைத்தாலும் ஒன்று ஜன்னல், இல்லையென்றால் நடைபாதை ஓரம். பயணிகள் ஏறி இறங்கும் கதவும் பின்பக்கம் இருக்கிறது. "சீக்கிரம் இறங்கலாம்" என்று முன்வரிசைக்குக் கூடுதல் காசு கொடுத்தால், கடைசி ஆளாகத்தான் இறங்க வேண்டி வரும்!

2025 ஜூலை 26-ல் பிரதமர் மோடி திறந்துவைத்த புதிய முனையத்தோடு, தூத்துக்குடியின் ஓடுபாதையும் 3,115 மீட்டராக நீண்டுவிட்டது. இது ஏர்பஸ் போன்ற பெரிய விமானங்கள் இறங்கப் போதுமான நீளம். அவற்றில் மூன்று மூன்று சீட்டாக இருப்பதால், மூன்றில் ஒன்று நடு சீட். அதைத் தவிர்ப்பதற்காகக் கட்டும் காசும் அங்கே கூடும். புக் செய்யும்போது எந்த ரக விமானம் என்று ஒரு பார்வை பார்த்துவிடுங்கள்.

கட்டாவிட்டால் ஏற்ற மாட்டார்களா?

ஏற்றுவார்கள். டிக்கெட் வாங்கிய ஒவ்வொருவருக்கும் ஒரு சீட் உண்டு. எந்த சீட் என்பதை நாமே தேர்வு செய்யத்தான் இந்தக் காசு.

2018 நவம்பரில் வெப் செக்-இன் செய்தால் எல்லா சீட்டுக்கும் கட்டணம் என்று இண்டிகோ அறிவித்தபோது பெரிய சர்ச்சை ஆனது. இது விதிக்கு உட்பட்டதா என்று ஆராய்வதாக விமானப் போக்குவரத்து அமைச்சகம் சொன்னது. காசு கட்ட விரும்பாதவர்களுக்கு விமான நிலையத்தில் மீதமுள்ள இருக்கை இலவசமாக ஒதுக்கப்படும் என்று நிறுவனம் விளக்கம் கொடுத்தது.

அடுத்த பயம், குழந்தை தனியாக உட்காருமோ என்பது. இதற்கு 2024 ஏப்ரலில் டிஜிசிஏ தெளிவான உத்தரவு போட்டது. 12 வயது வரையுள்ள பிள்ளைக்கு, அதே பிஎன்ஆர் எண்ணில் பயணிக்கும் பெற்றோர் அல்லது பாதுகாவலர் ஒருவருடனாவது சேர்த்து சீட் ஒதுக்க வேண்டும். அதற்கான பதிவும் வைத்திருக்க வேண்டும். கவனிக்க: ஒரே பிஎன்ஆர். அப்பா ஒரு டிக்கெட்டிலும் அம்மாவும் பிள்ளைகளும் இன்னொரு டிக்கெட்டிலும் இருந்தால், அம்மா பக்கத்தில்தான் உரிமை கேட்க முடியும். தாத்தா பாட்டிக்கோ, கணவன் மனைவிக்கோ இந்த உத்தரவு பொருந்தாது.

வளைகுடா போகிறவர்களுக்கு?

கடையநல்லூர், தென்காசி, செங்கோட்டை வட்டாரத்திலிருந்து வளைகுடாவுக்கு வேலைக்குப் போகிற பலருக்கும் திருவனந்தபுரம்தான் வாசல். ஏர் இந்தியா எக்ஸ்பிரஸ் 2005-ல் தன் முதல் விமானத்தை இயக்கியதே திருவனந்தபுரத்திலிருந்து அபுதாபிக்குத்தான். அவர்களுக்கு சீட்டை விட லக்கேஜ்தான் பெரிய செலவு. ஊருக்கு வரும்போது கொண்டுவரும் சாமானுக்கு, விமான நிலையக் கவுன்டரில் கட்டுவதை விட முன்கூட்டியே ஆன்லைனில் எடை வாங்குவது பொதுவாகக் குறைவு. மலிவு டிக்கெட்டில் எத்தனை கிலோ சேர்த்தி என்று பார்க்காமல் வாங்கினால், மிச்சம் பிடித்தது முழுக்கக் கவுன்டரில் போய்விடும்.

சரி, நாம் என்ன செய்யலாம்?

• முதல் பக்க விலையை வைத்து முடிவு செய்யாதீர்கள். லக்கேஜ், சீட் எல்லாம் சேர்த்த கடைசிப் பக்கத் தொகையைத்தான் ஒப்பிட வேண்டும். உதாரணத்துக்கு, சீட்டுக்குத் தலைக்கு 300 ரூபாய் என்று வைத்தால் நான்கு பேருக்குப் போக வர 2,400 ரூபாய் ஆகிறது.

• பிள்ளைகள் இருந்தால் குடும்பம் முழுவதும் ஒரே பிஎன்ஆரில் புக் செய்யுங்கள். 12 வயதுக்கு உட்பட்ட பிள்ளையைத் தனியாகப் போட்டால் செக்-இன் கவுன்டரிலேயே டிஜிசிஏ உத்தரவைச் சொல்லிக் கேளுங்கள்.

• காசு கட்டும் முன் இன்சூரன்ஸ், உணவு, சீட் ஏதாவது தானாகச் சேர்ந்திருக்கிறதா என்று பாருங்கள். நீங்கள் கேட்காத எதற்கும் கட்ட வேண்டியதில்லை.

• அவசர வழி அருகே உள்ள சீட்டில் கால் நீட்ட இடம் அதிகம். ஆனால் அது பிள்ளைகளுக்கும், உதவி தேவைப்படும் பெரியவர்களுக்கும் கிடையாது.

• போக முடியாமல் டிக்கெட் வீணானாலும், விமான நிலையக் கட்டணங்களையும் அரசு வரிகளையும் திருப்பித் தர வேண்டும் என்பது விதி. சலுகை விலை டிக்கெட்டுக்கும் இது பொருந்தும். பலர் கேட்பதே இல்லை.

• சீட்டை விட அதிகமாக டிக்கெட் விற்றுவிட்டு உங்களை ஏற்ற மறுத்தால், ஒரு மணி நேரத்துக்குள் மாற்று விமானம் தராதபட்சத்தில் இழப்பீடு கேட்கலாம். 24 மணி நேரத்துக்குள் மாற்று விமானம் தந்தால் அதிகபட்சம் 10,000 ரூபாய், அதையும் தாண்டினால் 20,000 ரூபாய் வரை.

• நிறுவனம் பதில் சொல்லவில்லை என்றால் மத்திய அரசின் ஏர்சேவா தளத்தில் புகார் கொடுக்கலாம்.

தனியாகப் போகிற இளைஞர், எந்த சீட் என்றாலும் சரி என்று சீட் காசு கட்டாமலே பறந்துவிடுகிறார். வயதான அம்மாவைக் கூட்டிக்கொண்டு போகிற மகள், பிரிந்து உட்கார வேண்டி வருமோ என்ற கவலையில் கட்டுகிறார். இரண்டு பேரையும் கொண்டுபோவதற்கு ஆகும் செலவு ஒன்றுதான். பிள்ளைகளுக்கு விதி வந்துவிட்டது. பெரியவர்களுக்கு அப்படி ஒரு விதி வரும் வரை, அந்தக் கவலையின் விலை எவ்வளவு என்பதை விமான நிறுவனம்தான் முடிவு செய்யும். கட்டுவதா வேண்டாமா என்பது மட்டும் நம் கையில்.