முறியும் வாள்களின் பொருளியல்: ஒரு வீடியோ விளையாட்டில் தேய்வும் பதுக்கலும்

புறநானூற்றின் 95ஆம் பாட்டில் ஔவையார் இருவகைப் படைக்கலங்களை எதிரெதிரே நிறுத்துகிறார். தொண்டைமானுடையவை அணிசெய்யப்பட்டுக் காவலுடைய மனையில் இருப்பவை. அதியமானுடையவை போரிலே சிதைந்து கொல்லனின் பட்டறையிற் கிடப்பவை. புகழ்வதுபோலப் பழிக்கும் அப்பாட்டின் உட்பொருள் தெளிவானது: பயன்பட்டுச் சிதைந்த கருவி, பயன்படாது மின்னும் கருவியிலும் மேலானது. கருவியின் பெறுமதி அதன் இருப்பிலா பயன்பாட்டிலா தங்கியுள்ளது என்னும் அவ்வினாவை, நமது காலத்தில் மில்லியன் கணக்கானோர் முன் வைத்தது ஓர் யப்பானிய வீடியோ விளையாட்டு என்பது வியப்புக்குரியதெனினும் உண்மையாகும்.

நின்டென்டோ நிறுவனம் 2017 மார்ச் 3ஆம் நாள் வெளியிட்ட 'த லெஜன்ட் ஒஃப் செல்டா: ப்ரெத் ஒஃப் த வைல்ட்' என்பதே அவ்விளையாட்டு. இதன் இயக்குநர் ஹிதெமாரோ புஜிபயாஷி. தயாரிப்பாளர் எய்ஜி அஓனுமா. ஹைரூல் என்னும் கற்பனை நாட்டில் லிங்க் என்னும் வீரன் தான் விரும்பிய திசையிற் செல்லலாம். விரும்பிய ஒழுங்கிற் போரிடலாம். ஆனால் அவன் கையிலுள்ள வாளும் ஈட்டியும் வில்லும் கேடயமும் சில டசின் அடிகளிலேயே முறிந்து போகின்றன. இத்தொடரின் முந்திய ஆக்கங்களில், பெற்ற வாள் பெரும்பாலும் இறுதிவரை நிலைத்தது. 1998இல் வெளியான 'ஒக்கரீனா ஒஃப் டைம்' விளையாட்டில் முறியத்தக்க இராட்சதக் கத்தி ஒன்று வந்ததெனினும் அது விதிவிலக்கே. விதிவிலக்கை விதியாக்கியதே 2017ஆம் ஆண்டின் புதுமை. விளையாடுவோரிடையே இவ்விதி எழுப்பிய எரிச்சலும் சிறிதன்று. அவ்வெரிச்சலின் சமூக அடிப்படையை விளக்குவதும், தேய்வை முகாமை செய்யும் முறைகளை அவ்விளக்கத்தின் ஒளியில் எடுத்துரைப்பதும் இக்கட்டுரையின் நோக்கங்களாகும்.

1. தேய்வின் கணக்கு

ஒவ்வோர் ஆயுதத்துக்கும் இரண்டு எண்கள் உண்டு. ஒன்று தாக்குவலு, அது திரையிற் காட்டப்படுவது. மற்றையது தாங்குதிறன், அது மறைக்கப்பட்டுள்ளது. எதிரியின்மேல் விழும் ஒவ்வோர் அடியும் தாங்குதிறனில் ஒன்றைக் குறைக்கின்றது. முறியும் தறுவாயில் மட்டுமே ஆட்டம் எச்சரிக்கின்றது. முறியும் இறுதி அடி இரு மடங்கு சேதம் விளைவிக்கும்.

பயணியின் வாள் எனப்படும் எளிய ஆயுதத்தை எடுத்துக்கொள்வோம். அதன் தாக்குவலு 5, தாங்குதிறன் 20. இறுதி அடியின் இரட்டிப்பையும் சேர்த்தால், சாதாரண வீச்சுகளில் அது வழங்கக்கூடிய மொத்தச் சேதம் 105 ஆகும். வாள் என்பது இங்கு சேமித்துவைக்கப்பட்ட ஆற்றலின் ஒரு தொகை. அத்தொகை துண்டு துண்டாகப் போருக்குக் கைமாறுகின்றது. தொழிற்சாலை இயந்திரம் தன் பெறுமதியைச் சிறிது சிறிதாக உற்பத்திப் பொருளுக்கு மாற்றித் தான் தேய்வதை மார்க்சியப் பொருளியல் அறிந்தோர் இங்கு எளிதில் இனங்காண்பர்.

'மூலதனம்' முதலாம் பாகத்தில் (1867) இயந்திரங்களைப் பற்றிய அதிகாரத்திலே, பௌதிகத் தேய்வு இருவகைப்படும் என மார்க்ஸ் காட்டுகிறார்: பயன்பாட்டால் வருவது ஒன்று, பயன்படுத்தாமையால் வருவது மற்றொன்று. பின்னதற்கு அவர் தரும் உவமை உறையிலே துருவேறும் வாள் என்பது ஈண்டு நோக்கற்பாலது. இவற்றுக்கு அப்பால், இயந்திரம் சிதையாதிருக்கும்போதே அதனிலும் சிறந்த இயந்திரங்கள் தோன்றுவதால் அது பெறுமதி இழப்பதையும் அவர் சுட்டுகிறார். இதனை ஒழுக்கவியல் தேய்வு என்பர்.

ஹைரூலில் பைக்குள் இருக்கும் வாள் துருப்பிடிப்பதில்லை. எனினும் இம்மூன்றாம் தேய்வு அங்கு மறைவாகச் செயற்படுகின்றது. வீரன் எதிரிகளை வீழ்த்த வீழ்த்த, ஆட்டம் அவ்வெற்றிகளை இரகசியமாக எண்ணி எதிரிகளின் தரத்தை உயர்த்துகின்றது. பொக்கொப்ளின் என்னும் எதிரியின் உயிர்வலு சிவப்பு நிறத்தில் 13, நீலத்தில் 72, கறுப்பில் 240, வெள்ளியில் 720. மேற்கூறிய வாள் ஒன்றே சிவப்பர் அறுவரை வீழ்த்தப் போதுமானது. நீலர் ஒருவரோடு அதன் பெரும்பகுதி தீர்ந்துவிடும். கறுப்பர் ஒருவருக்கு அத்தகைய வாள்கள் மூன்றும், வெள்ளியர் ஒருவருக்கு ஏழும் வேண்டும். ஒரு கீறலும் படாது பைக்குள் இருந்த வாள், உலகம் மாறியமையால் பெறுமதி இழந்துவிட்டது!

2. பதுக்கலின் உளவியல்

இக்கணக்கை அறிந்தும் விளையாடுவோர் பலர் நல்ல வாளைப் பயன்படுத்தத் தயங்குகின்றனர். பின்னர் வரப்போகும் பெரும் போருக்கென அதனை ஒதுக்கி வைக்கின்றனர். அப்பெரும் போர் வரும்போது அதனினும் பெரிய போர் ஒன்றை எதிர்பார்க்கின்றனர். இக்கட்டுரையாளனும் முதன்முறை ஆட்டத்தை முடித்தபோது பை நிறையச் சிறந்த ஆயுதங்களை முறியாமலே வைத்திருந்தான். அவை யாருக்காக வைக்கப்பட்டன என்னும் வினாவுக்கு விடை இல்லை.

இத்தயக்கத்தை மனித இயல்பு என விளக்கி அமைவது போதாது. இவ்விளையாட்டில் வாளை விற்றுப் பணமாக்க வழியில்லை. அதாவது அதற்குப் பயன்பாட்டுப் பெறுமதி உண்டு. பரிவர்த்தனைப் பெறுமதி இல்லை. பரிவர்த்தனைக்கு உரியதல்லாத ஒரு பொருளையும் செல்வமாகக் கருதிச் சேர்த்து வைப்பவன், தான் வாழும் பண்டச் சமூகத்தின் பழக்கத்தையே ஹைரூலுக்குக் கொண்டுசெல்கிறான். வாள் முறியும்போது அவன் உணரும் சினம், கருவியொன்றை இழந்தவனின் சினமன்று. உடைமையை இழந்தவனின் சினமாகும்.

3. முகாமையின் விதிகள்

ஆகவே முகாமை என்பது காப்பாற்றுதலன்று, சுழற்சியை நிலைநிறுத்துதலாகும். ஒரு போரிற் செலவான ஆயுதத் தொகைக்கு ஈடானது எதிரியிடமிருந்து மீளக் கிடைக்குமாயின் எளிய மறுஉற்பத்தி நிகழ்கின்றது. கூடுதலாகக் கிடைப்பின் அது விரிவடைகின்றது. இதிலிருந்து பின்வரும் நடைமுறைகள் பிறக்கின்றன.

வலிய வாளை மெலிய எதிரிமேல் வீணாக்கலாகாது. அவனுடைய ஆயுதத்தையே பறித்து அவன்மேற் பயன்படுத்தலாம். மரம் வெட்டவும் பாறை உடைக்கவும் வாளை எடுத்தல் தகாது. அதற்கு முடிவின்றிக் கிடைக்கும் குண்டுகள் உள. உருளும் பாறையும் காந்தவிசையால் தூக்கத்தக்க இரும்புப் பெட்டியும் தேய்வற்ற ஆயுதங்களே. எச்சரிக்கை தோன்றியதும் அவ்வாயுதத்தை எதிரிமேல் எறிவதே சிக்கனம். இறுதி இரட்டிப்பு வீணாகாது. பையின் இடம் போதாவிடின் கொரொக் விதைகளைத் திரட்டி ஹெஸ்டுவிடம் கொடுத்து அதனைப் பெருப்பிக்கலாம். நாடெங்கும் 900 விதைகள் உளவெனினும், முழு விரிவுக்கு 441 போதும். இரத்த நிலா எழும் இரவில் வீழ்ந்த எதிரிகளும் எடுத்த ஆயுதங்களும் மீண்டும் தோன்றுவதால், நல்ல ஆயுதம் கிடைத்த இடத்தை நினைவில் வைத்தல் நலம். 13 இதயக் கலங்கள் பெற்றோர் மட்டுமே உருவக்கூடிய மாஸ்டர் வாள் முறிவதில்லை. ஆற்றல் தீர்ந்தால் 10 நிமிடம் ஓய்வு கொள்ளும். அதனைத் தனியாயுதமாக அன்றி ஏனையவற்றோடு மாறிமாறிப் பயன்படுத்துதலே முறை.

4. விமர்சனம்

இவ்விதி முதலாளித்துவத்தின் திட்டமிட்ட வழக்கொழிவையே மகிமைப்படுத்துகின்றது என வாதிடுவோர் உளர். அவ்வாதம் முழுமையானதன்று. திட்டமிட்ட வழக்கொழிவின் நோக்கம் மீண்டும் விற்பது. இங்கோ முறிந்த வாளுக்குப் பதிலாக எவரும் வாள் விற்பதில்லை. எனினும் சந்தை முற்றாக விலகி நிற்கவுமில்லை. மாஸ்டர் வாளின் தாக்குவலு 30. சில எதிரிகளின் முன் மட்டும் அது 60 ஆகும். அதனை எப்போதும் 60இல் விழித்திருக்கச் செய்யும் சோதனைப் பகுதி, 2017 ஜூன் 30ஆம் நாள் தனிவிலைக்குரிய விரிவாக்கத்தின் அங்கமாக வெளிவந்தது. ஆக்கியோர் தாமே உண்டாக்கிய அருமையிலிருந்து விடுதலையும் பண்டமாயிற்று.

மற்றொரு குறை இதனிலும் ஆழமானது. ஹைரூலின் வாள்களை யார் செய்தனர் என்பது பெரும்பாலும் தெரிவதில்லை. அவை பெட்டிகளிலும் பகைவர் கைகளிலும் ஆயத்தமாக உள்ளன. இரத்த நிலா அவற்றை மீளத் தருகின்றது. உழைப்பு மறைக்கப்பட்டுப் பொருள் மாத்திரம் தோன்றும் இந்நிலை பண்ட மாயையின் தூய வடிவம். விலக்காக, சோரா மக்களின் ஊரிலுள்ள முதிய கொல்லன், சோரா ஈட்டி ஒன்றும் வைரம் ஒன்றும் தீக்கற்கள் ஐந்தும் கொடுத்தால், முறிந்த வீர ஈட்டியை மீளச் செய்து தருகிறான். ஔவையாரின் கொல்லன் இங்கு ஒரு கணம் தலைகாட்டி மறைகிறான்.

2023 மே 12ஆம் நாள் வெளியான 'டியர்ஸ் ஒஃப் த கிங்டம்' இக்குறையை ஓரளவு உணர்ந்ததாகத் தோன்றுகின்றது. நாட்டின் ஆயுதங்கள் யாவும் அரிக்கப்பட்டுவிட, வீரன் கல்லையும் எதிரியின் கொம்பையும் அவற்றோடு பொருத்தி வலுவேற்றுகிறான். நுகர்வோன் செய்வோனாகிறான். அச்செய்கை கணப்பொழுதில் முடிந்துவிடினும், முறிவு இழப்பாக அன்றி அடுத்த ஆக்கத்தின் தொடக்கமாக உணரப்படுகின்றது. இவ்வாட்டத்தில் வாள் முறிவதைக் குறித்த சினம் தணிந்தமைக்கு இதுவும் ஒரு காரணமெனலாம்.

கருவி பயன்படுத்துவதற்கே உரியது; பயன்பாடு அதனைத் தேய்ப்பது இயல்பே. ஆராய வேண்டியது தேய்வை அன்று. அக்கருவியை மீளச் செய்யும் ஆற்றல் யார் கையில் உள்ளது என்பதையேயாகும்.