நட்சத்திரங்களைச் செதுக்கும் சிற்பிகள்

சிற்பி கல்லைச் செதுக்குகிறான். குயவன் மண்ணை வனைகிறான். தட்டான் பொன்னை உருக்கி நகையாக்குகிறான். இவர்களைப் போல, ஒரு நட்சத்திரத்தையே மூலப்பொருளாக எடுத்துக்கொண்டு, அதை வேண்டிய விதத்தில் மாற்றி அமைக்கும் கலைஞர் கூட்டம் ஒன்று இருந்தால் எப்படியிருக்கும்?

இந்தக் கற்பனையை 1937-ஆம் ஆண்டிலேயே விரிவாக எழுதி வைத்தவர் ஒலாஃப் ஸ்டேபிள்டன் என்ற ஆங்கிலேயர். நூலின் பெயர் 'ஸ்டார் மேக்கர்'. நட்சத்திரங்களைப் படைப்பவன் என்று தமிழில் சொல்லலாம்.

கப்பல் ஆபீஸிலிருந்து வகுப்பறைக்கு

ஸ்டேபிள்டன் வான சாஸ்திரி அல்ல. 1886-இல் லிவர்பூல் துறைமுகத்துக்கு எதிர்க்கரையில் பிறந்தவர். குழந்தைப் பருவத்தில் சில ஆண்டுகள் எகிப்தின் போர்ட் சையீத் துறைமுகத்தில் வளர்ந்தார். ஆக்ஸ்போர்டில் சரித்திரம் படித்துவிட்டு, சிறிது காலம் பள்ளி ஆசிரியராக இருந்தார். பிறகு லிவர்பூலிலும் போர்ட் சையீதிலும் கப்பல் ஆபீஸ்களில் வேலை பார்த்தார். அந்த வேலை அவருக்கு ஒட்டவில்லை.

அதை விட்டுவிட்டு அவர் ஏற்றுக்கொண்ட பணி குறிப்பிடத்தக்கது. பகலெல்லாம் உழைத்துக் களைத்து வரும் தொழிலாளர்களுக்கு, தொழிலாளர் கல்விச் சங்கத்தின் சார்பில் பாடம் நடத்தினார். முதல் உலக யுத்தம் வந்தபோது துப்பாக்கி ஏந்த மறுத்து, ஆம்புலன்ஸ் வண்டி ஓட்டிக் காயம்பட்டவர்களைச் சுமந்தார். 1925-இல் தத்துவத்தில் டாக்டர் பட்டம் பெற்றார். 1930-இல் வெளிவந்த 'லாஸ்ட் அண்ட் ஃபர்ஸ்ட் மென்' என்ற நாவல் அவருக்குப் புகழ் தேடித் தந்தது. ஏழு ஆண்டுகள் கழித்து வந்ததுதான் 'ஸ்டார் மேக்கர்'.

வீணாகும் வெளிச்சம்

கதை எளிமையாகத் தொடங்குகிறது. மனக்கசப்புடன் இருக்கும் ஒருவன் இரவில் வீட்டை விட்டு வெளியேறி, அருகிலுள்ள குன்றின் மேல் உட்காருகிறான். அங்கிருந்து அவனுடைய உள்ளம் மட்டும் உடலைப் பிரிந்து விண்வெளிக்குப் புறப்படுகிறது. வழியில் பல உலகங்களைக் காண்கிறான். பல உயிரினங்களின் உள்ளத்தோடு கலக்கிறான்.

அறிவில் முதிர்ந்த சில உலகங்கள் தங்கள் சூரியனையே திருத்தி அமைக்க முனைகின்றன. அதற்குக் காரணம் இல்லாமல் இல்லை. நம் சூரியன் வினாடிக்குச் சுமார் 40 லட்சம் டன் பொருளைச் சக்தியாக மாற்றி வீசுகிறது. அதில் பூமிக்குக் கிடைப்பது சுமார் 220 கோடியில் ஒரு பங்குதான். மீதியெல்லாம் வெளியில் போய்விடுகிறது. கதையில் வரும் நிபுணர்கள் இந்த விரயத்தைப் பொறுக்காமல், சூரியனைச் சுற்றி ஒளியைப் பிடிக்கும் வலைகளைப் பின்னுகிறார்கள். செயற்கை உலகங்களை வளையம் வளையமாகச் சுழல விடுகிறார்கள்.

இதைப் படித்த ஃப்ரீமேன் டைசன் என்ற விஞ்ஞானி, 1960-இல் 'சயன்ஸ்' பத்திரிகையில் ஒரு கட்டுரை எழுதினார். அப்படி மூடப்பட்ட நட்சத்திரம் கண்ணுக்குப் புலப்படாவிட்டாலும், அதன் வெப்பம் அகச்சிவப்புக் கதிராக வெளியே வந்தே தீரும். அதைத் தேடிப் பார்க்கலாம் என்பது அவருடைய யோசனை. அந்த அமைப்புக்கு 'டைசன் கோளம்' என்ற பெயர் நிலைத்துவிட்டது. ஆனால் மூலக் கருத்து ஸ்டேபிள்டனுடையது என்று டைசனே ஒப்புக்கொண்டார். விஞ்ஞானிகள் தேடியும் பார்த்தார்கள். இதுவரை உறுதியாக ஒன்றும் அகப்படவில்லை.

நட்சத்திரத்தின் கோபம்

கதையின் உயிரான கட்டம் இதற்குப் பிறகுதான் வருகிறது. வலை பின்னியவர்களுக்குத் துணிவு மிஞ்சுகிறது. நட்சத்திரத்தையே அதன் பாதையிலிருந்து தள்ளி, கிரகங்களோடு வேறிடம் கொண்டுபோகப் பார்க்கிறார்கள். அந்த நட்சத்திரம் வெடித்து, தன்னைச் சுற்றியிருந்த உலகங்களையெல்லாம் பொசுக்கிவிடுகிறது. முதலில் விபத்து என்று நினைக்கிறார்கள். அதே கதி மீண்டும் மீண்டும் நேர்ந்த பிறகுதான் உண்மை விளங்குகிறது: நட்சத்திரங்களுக்கு உயிர் உண்டு! அவை வானில் ஓடுவது ஒரு நாட்டியம். அந்த நாட்டியத்தைக் குலைத்த கைகளைத்தான் அவை சுட்டெரித்தன.

நெடுங்காலம் அழிவு நேர்ந்த பிறகே இரு தரப்பும் ஒன்றையொன்று புரிந்துகொள்கின்றன. உலகங்களும் நட்சத்திரங்களும் கூட்டாக வாழக் கற்றுக்கொள்கின்றன.

நட்சத்திரத்துக்கு உயிர் உண்டு என்பது கற்பனை. ஆனால் அதற்குத் தனிச் சட்டம் உண்டு என்பது விஞ்ஞானம். 1930-இல் பம்பாயில் கப்பலேறி இங்கிலாந்து சென்ற 19 வயதுத் தமிழ் இளைஞர் சந்திரசேகர், அந்தப் பயணத்தின்போதே ஒரு கணக்குப் போட்டார். எரிந்து அடங்கிய 'வெள்ளைக் குள்ள' நட்சத்திரம் சூரியனைப்போல் சுமார் 1.4 மடங்கு எடை வரைதான் தாங்கும். அதற்கு மேல் போனால் நிலைகுலைந்துவிடும் என்று கண்டார். ரயில்வே கணக்குத் துறை அதிகாரியின் மகனான அவருக்கு 1983-இல் நோபல் பரிசு கிடைத்தது. எவ்வளவு பெரிய சிற்பியானாலும் இந்த எல்லையை மீறிக் கை வைக்க முடியாது.

யார் மூலப்பொருள்?

ஸ்டேபிள்டன் சொல்ல வந்தது நட்சத்திரத்தைப் பற்றி மட்டும்தானா? அவருடைய வகுப்புக்கு வந்தவர்கள், முதலாளியின் பேரேட்டில் இத்தனை 'கை' என்று எண்ணப்பட்டவர்கள். அந்தக் கைகளுக்குப் பின்னால் ஒரு மனம் உண்டு என்பதை அவர் மாலைதோறும் நேரில் கண்டார். யுத்த களத்திலோ, ஆயிரக்கணக்கான வாலிபர்கள் வெறும் எரிபொருளாகக் கொட்டப்பட்டதைப் பார்த்தார். உயிருள்ளதை வெறும் சரக்காக நினைப்பவன், எத்தனை அழகிய திட்டம் தீட்டினாலும் அழிவில்தான் முடிப்பான். கோடானுகோடி ஆண்டுக் கதையில் அவர் பொதிந்து வைத்த பாடம் இது எனலாம்.

நூலின் முடிவில் நட்சத்திரங்களைப் படைப்பவனையும் காண்கிறோம். அவனும் ஒரு கலைஞனே. பிரபஞ்சங்களை ஒன்றன்பின் ஒன்றாகப் படைத்துப் பார்த்து, தொழில் பழகுகிறான். அவற்றுள் ஒன்றில் இடம் என்பதே கிடையாது. அங்கு உயிர்களெல்லாம் இசைதான்! படைப்பவனே படிப்படியாகக் கற்றுக்கொள்ள வேண்டியிருக்கிறது என்றால், படைக்கப்பட்டவர்கள் கற்க வேண்டியது எவ்வளவோ!

நூல் வந்த வேளையில் ஐரோப்பா அடுத்த யுத்தத்தை நோக்கிச் சரிந்துகொண்டிருந்தது. இந்த நேரத்தில் நட்சத்திரக் கதையா என்று கேட்பார்கள் என ஆசிரியரே எதிர்பார்த்து, முன்னுரையில் பதில் சொன்னார். கதாநாயகனும் விண்வெளியிலேயே தங்கிவிடவில்லை. புறப்பட்ட குன்றுக்கே திரும்பி வருகிறான். தலைக்கு மேல் நட்சத்திரம் மின்னுகிறது. கீழே அவன் வீட்டு ஜன்னலில் விளக்கு எரிகிறது. இரண்டு வெளிச்சமும் வேண்டும் என்று தெளிந்து, வீடு இருக்கும் திசையைப் பார்க்கிறான்.